உள்ளே வந்த ஆணை, வெளியே அனுப்பிய ஆணை: ஒப்பந்தப் பணியாளர் கேள்வி பதில்

அரசுத் துறைகளிலும் வாரியங்களிலும் உள்ளாட்சிகளிலும் ஒப்பந்தம், தொகுப்பூதியம், தினக்கூலி என்ற பெயர்களில் வேலை பார்க்கும் வாசகர்கள் அனுப்பிய கேள்விகளில், பலருக்கும் பயன்படக்கூடியவற்றை இந்த இதழுக்கு எடுத்திருக்கிறோம். பெயர்களைத் தவிர்த்துவிட்டோம். பணியாளர் வழக்குகளை நடத்தும் வழக்கறிஞர்கள் பதில் தந்திருக்கிறார்கள்.

அரசு நலவாழ்வுத் திட்டம் ஒன்றில் 9 ஆண்டுகளாக ஆய்வக நுட்புநராக இருந்தேன். ஒவ்வொரு தடவையும் 11 மாத ஆணை, நடுவில் ஒரு நாள் இடைவெளி, பிறகு மறுபடி ஆணை. போன மாதம் ‘ஒப்பந்தக் காலம் முடிவுற்றதால் விடுவிக்கப்படுகிறார்’ என்று இரண்டு வரியில் அனுப்பிவிட்டார்கள். அதே வேலைக்குப் புது விளம்பரமும் வந்துவிட்டது. ஒப்பந்தம் முடிந்துபோன பிறகு உயர் நீதிமன்றம் இதைக் கேட்குமா?
(ஆய்வக நுட்புநர், விழுப்புரம் மாவட்டம்)

கேட்கும். எதைக் கேட்கும், எதைக் கேட்காது என்பதை முதலில் பிரித்துக்கொள்ளுங்கள்.

தனியார் கம்பெனி ஒப்பந்தத்தை நீட்டிக்காவிட்டால் ஏன் என்று கேட்க ஆளில்லை. அரசு ஒப்பந்தம் போட்டாலும் அது அரசுதான். சட்டத்தின் முன் எல்லோரும் சமம் என்னும் அரசியல் சாசனத்தின் 14-வது பிரிவு கூடவே வரும். அதனால் 226-வது பிரிவின்படி ரிட் மனு (அரசின் செயலை எதிர்த்து உயர் நீதிமன்றத்தை நேரடியாக நாடும் மனு) போடலாம். ஆனால் ஒப்பந்தப் பணி நீக்கத்தைப் பரிசீலிக்கும் நீதிமன்றம் மேல்முறையீட்டு அதிகாரியைப்போல உட்கார்ந்து, ‘இவர் நல்ல பணியாளரா, வைத்துக்கொண்டிருக்கலாமா’ என்று பார்க்காது. முடிவு தன்னிச்சையானதா, பாரபட்சமா, உள்நோக்கம் உண்டா என்பதோடு நிறுத்திக்கொள்ளும். க்ரிட்கோ நிறுவன வழக்கில் 2011-ல் உச்ச நீதிமன்றம் போட்ட எல்லைக்கோடு இது. ‘எனக்கு நீட்டிப்பு உரிமை’ என்று மட்டும் எழுதிய மனு பெரும்பாலும் முதல் நாளிலேயே விழுந்துவிடும்.

உங்கள் கையில் இருக்கும் பலம் அந்தப் புது விளம்பரம். ஒரு தற்காலிகப் பணியாளரை அனுப்பிவிட்டு இன்னொரு தற்காலிகப் பணியாளரை அந்த இடத்தில் வைக்கக் கூடாது, முறையான தேர்வில் வந்தவர்தான் அவரை மாற்ற வேண்டும் என்று ஹரியானா அரசு எதிர் பியாரா சிங் வழக்கில் 1992-லேயே சொல்லியாகிவிட்டது. எனவே விளம்பரத்தை வரிவரியாகப் படியுங்கள். அதே பதவிப் பெயர், அதே தொகுப்பூதியம், அதே 11 மாதம் என்றிருந்தால் உங்கள் வாதம் உறுதியானது. காலமுறை ஊதியத்தில் (நிரந்தரப் பணிக்கான ஊதிய விகிதத்தில்), தேர்வு வாரியம் மூலம் நிரப்புவதாக இருந்தால் இந்த வாதம் நிற்காது. அப்போது வயது வரம்புத் தளர்வும் அனுபவத்துக்கு மதிப்பெண்ணும் கேட்பதுதான் நடைமுறைக்கு ஏற்றது.

அந்த ஒரு நாள் இடைவெளி செயற்கையானது என்று வாயால் சொன்னால் போதாது. ஆய்வகத்தில் தினமும் எழுதும் மாதிரிப் பதிவேட்டில், இடைவெளி நாளிலும் உங்கள் கையெழுத்து இருக்கிறதா என்று பாருங்கள். இருந்தால் அந்தப் பக்கத்தின் நகலைத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் கேட்டு வாங்குங்கள். ஒன்பது வருட அனுபவச் சான்றிதழைவிட அந்த ஒரு பக்கம் கனமானது.

காலத்தைக் கடத்தாதீர்கள். விண்ணப்பக் கடைசித் தேதிக்குள் மனு தாக்கலாக வேண்டும். புது ஆட்கள் சேர்ந்துவிட்டால் அவர்களையும் எதிர்மனுதாரர்களாகச் சேர்க்க வேண்டிவரும், வழக்கு இழுக்கும். நீங்கள் ஏற்கெனவே விடுவிக்கப்பட்டுவிட்டதால், இடைக்கால மனுவில் ‘ஆணைக்குத் தடை’ என்பதோடு ‘வழக்கு முடியும்வரை ஒரு பணியிடத்தை நிரப்பாமல் வைக்க வேண்டும்’ என்றும் கேளுங்கள். முதல் கோரிக்கை கிடைக்காமல் இரண்டாவது கிடைப்பது சகஜம். புது விளம்பரத்துக்கு விண்ணப்பிப்பதா என்ற தயக்கமும் வரும். ‘என் வழக்குரிமைக்குப் பாதகமின்றி’ என்று ஒரு வரி எழுதி விண்ணப்பித்து வையுங்கள்.

2009-ல் ஒரு நகராட்சியில் தினக்கூலிக் கணினி இயக்குநராகச் சேர்ந்தேன். 10 ஆண்டு முடித்தால் பணி வரன்முறை (நிரந்தரமாக்குதல்) செய்தே ஆக வேண்டும் என்கிறார்கள் சிலர். உமாதேவி தீர்ப்பு வந்தபிறகு எதுவும் கிடைக்காது என்கிறார்கள் வேறு சிலர். எது சரி?
(வாசகர், திண்டுக்கல்)

இரண்டும் அரைகுறை. அந்தப் பத்து வருடக் கணக்கு எங்கிருந்து வந்தது என்று பார்த்தால் குழப்பம் பாதி தீரும்.

கர்நாடக அரசு எதிர் உமாதேவி வழக்கில் 2006 ஏப்ரல் 10-ல் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு தீர்ப்பளித்தது. விளம்பரம், தேர்வு, இடஒதுக்கீடு என்ற வாசல் வழியாக வராதவர்களை, வேலை பார்த்த வருடங்களை மட்டும் காட்டி நிரந்தரமாக்கும்படி நீதிமன்றங்கள் உத்தரவிடக் கூடாது என்பது அதன் சாரம். 53-வது பத்தியில் மட்டும் ஒரு விலக்கு உண்டு. உரிய கல்வித் தகுதி, ஒப்பளிக்கப்பட்ட (அரசு முறையாக அனுமதித்த) காலிப் பணியிடம், நீதிமன்ற உத்தரவின் துணையில்லாமல் 10 ஆண்டுக்கு மேல் பணி. இம்மூன்றும் இருந்தால் ஒரே ஒரு முறை நடவடிக்கையாக வரன்முறை செய்யலாம். இடைக்காலத் தடை வாங்கிக்கொண்டு ஓட்டிய வருடங்கள் இந்தப் பத்தில் சேராது. பலர் கோட்டை விடுவது இங்கேதான்.

2010-ல் வந்த கேசரி வழக்கு இதை விளக்கியது. 2006-ல் தகுதி பெற்றிருந்தவர்களை ஒரு துறை பரிசீலிக்காமல் விட்டிருந்தால், அந்தக் கடமை இன்னும் பாக்கி இருக்கிறது என்று பொருள். முறைகேடான நியமனத்துக்கும் சட்டவிரோத நியமனத்துக்கும் உள்ள வித்தியாசத்தையும் அதே தீர்ப்பு சொல்கிறது. தகுதியும் பணியிடமும் இருந்து, தேர்வு முறையில் மட்டும் குறை இருந்தால் முறைகேடு, அதைச் சரிசெய்யலாம். தகுதியே இல்லை அல்லது பணியிடமே இல்லை என்றால் சட்டவிரோதம். அதைச் சரிசெய்ய வழியில்லை.

தமிழ்நாட்டில் இதற்கு இணையானது பணியாளர் மற்றும் நிர்வாகச் சீர்திருத்தத் துறையின் 28.2.2006 தேதியிட்ட அரசாணை 22. அதில் 1.1.2006 அன்று 10 ஆண்டு முடித்த தினக்கூலிப் பணியாளர்களுக்கு வழி செய்யப்பட்டது. முழுநேரப் பணிக்கே அது பொருந்தும், பகுதிநேரத் துப்புரவாளர்கள் அதைக் கோர முடியாது என்று சிங்கமுத்து வழக்கில் 2017-ல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. நீங்கள் 2009-ல் சேர்ந்தவர். 53-வது பத்தியின் விலக்கும் அரசாணை 22-ம் உங்களுக்கு எட்டாது. இதை மறைத்து மனு போட்டால் அரசுத் தரப்பு பதிலுரையின் முதல் பக்கத்திலேயே இது வந்து நிற்கும்.

அப்படியானால் கதவு மூடிவிட்டதா? அதுவும் இல்லை. 2024 டிசம்பரில் ஜக்கோ வழக்கு. மத்திய நீர் ஆணையத்தில் பல்லாண்டுகளாகத் துப்புரவும் தோட்ட வேலையும் பார்த்தவர்களை வரன்முறை செய்ய உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது. கொல்லைப்புற நியமனங்களைத் தடுக்க வந்த உமாதேவி தீர்ப்பை, நிரந்தரத் தன்மையுள்ள வேலையைத் தற்காலிகப் பெயரில் வாங்கிக்கொள்ளும் நிர்வாகங்கள் கேடயமாகப் பிடிக்கின்றன என்று அது கடிந்துகொண்டது. 2025 ஜனவரியில் காசியாபாத் மாநகராட்சித் தோட்டத் தொழிலாளர் வழக்கும், அதே ஆண்டு ஆகஸ்டில் உத்தரப்பிரதேச உயர்கல்விப் பணிகள் ஆணைய ஊழியர்களின் தரம் சிங் வழக்கும் இதே திசையில் வந்தன. நிதி நெருக்கடி என்ற ஒற்றை வார்த்தையைச் சொல்லி அரசு தப்பிக்க முடியாது என்பது தரம் சிங் வழக்கின் முக்கியமான வரி.

இவற்றைக் காட்டி உமாதேவி காலாவதியாகிவிட்டது என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். ஐவர் அமர்வின் தீர்ப்பை இருவர் அமர்வு மாற்ற முடியாது. புதிய தீர்ப்புகள் எல்லாமே, வேலை நிரந்தரத் தன்மை உடையது, சேர்ப்பில் மோசடி இல்லை, நிர்வாகம்தான் பணியிடம் உருவாக்காமல் காலம் கடத்தியது என்ற உண்மைகளின் மேல் எழுந்தவை. அந்த உண்மைகளை உங்கள் வழக்கில் காகிதமாகக் காட்ட வேண்டும்.

அதற்கு நகராட்சியின் பொதுத் தகவல் அலுவலருக்கு 10 ரூபாய் கட்டணத்தோடு ஒரு மனு. 2009 முதல் இன்றுவரை அந்தப் பதவியில் ஒப்பளிக்கப்பட்ட பணியிடங்கள் எத்தனை, அதற்கான அரசாணை எண் என்ன, ஆண்டுவாரியாகக் காலி எத்தனை? உங்களை எடுத்தபோது வேலைவாய்ப்பு அலுவலகப் பட்டியல் பெறப்பட்டதா, இனச்சுழற்சி (இடஒதுக்கீட்டு வரிசை) பார்க்கப்பட்டதா? உங்கள் ஊதியம் எந்தக் கணக்குத் தலைப்பில் செலவு எழுதப்பட்டது? கடைசிக் கேள்வியைப் பெரும்பாலோர் விட்டுவிடுகிறார்கள். சம்பளத் தலைப்பில் எழுதியிருந்தால் பணியிடம் இருந்ததற்கு அது சாட்சி. சில்லறைச் செலவினத்தில் எழுதியிருந்தால் எதிர்த்தரப்பு அதைப் பிடித்துக்கொள்ளும். 30 நாளில் பதில் வராவிட்டால் அடுத்த 30 நாளுக்குள் முதல் மேல்முறையீடு.

தகுதியும் வயதும் சேர்ந்த நாளன்று சரியாக இருந்தனவா என்பதையும் பாருங்கள். இன்றைக்கு வயது கடந்துவிட்டது என்று துறை சொன்னால் அது பதிலாகாது. 2009-ல் என்ன வயது என்பதுதான் கேள்வி.

என் ஒப்பந்தம் முடிய ஐந்து மாதம் இருக்கும்போதே ‘தங்களது சேவை தேவைப்படவில்லை’ என்று ஆணை வந்தது. உண்மைக் காரணம், என்மேல் வந்த ஒரு பணக் கையாடல் புகார். விசாரணையே நடத்தவில்லை. ஆணையில் புகார் பற்றி ஒரு வார்த்தையும் இல்லையே, எப்படி நிரூபிப்பது?
(வட்டார ஒருங்கிணைப்பாளர், புதுக்கோட்டை மாவட்டம்)

ஆணையின் உடலை விடுங்கள், தலையைப் பாருங்கள். செயல்முறை ஆணைகளில் மேலே ‘பார்வை’ என்று போட்டு 1, 2, 3 எனக் கடிதங்களின் எண்ணும் தேதியும் வரிசையாக இருக்கும். அதில் புகார் மனுவோ, உங்களுக்குத் தந்த குறிப்பாணையோ, மேலதிகாரியின் விசாரணை அறிக்கையோ இடம்பெற்றிருந்தால் வேலை சுலபம். களங்கம் ஆணையின் வாசகத்தில் இருக்க வேண்டும் என்பதில்லை. ஆணை சுட்டும் ஆவணங்களில் இருந்தாலும் போதும் என்று தீப்தி பிரகாஷ் பானர்ஜி வழக்கில் 1999-லேயே தீர்ப்பு உண்டு. அந்த மூன்று கடிதங்களின் நகலையும் ந.க. எண்ணோடு (கோப்பு எண்ணோடு) கேட்டு வாங்கி வழக்கில் சேருங்கள்.

சட்டம் இங்கே ஒரு நுணுக்கமான கோடு போடுகிறது. புகார் வந்ததால் நிர்வாகத்துக்கு மனக்கசப்பு ஏற்பட்டு, விசாரணைக்குப் போகாமல் ஒப்பந்தத்தை முடித்துக்கொண்டால் புகார் வெறும் தூண்டுதல், நீக்கம் செல்லும். உங்கள் முதுகுக்குப் பின்னால் விசாரித்து, குற்றம் செய்தார் என்ற முடிவுக்கு வந்து, அந்த முடிவின் பேரிலேயே நீக்கினால் அது நீக்கத்துக்கு அடித்தளம். அடித்தளம் என்றால் நீக்கம் தண்டனையாகிவிடும். குற்றச்சாட்டுக் குறிப்பாணை, விளக்கம், விசாரணை எல்லாம் நடந்திருக்க வேண்டும். ஒப்பந்தப் பணியாளருக்கும் இது பொருந்தும். மத்தியப் பிரதேசக் கல்வித் திட்ட ஒப்பந்தப் பணியாளர் ஒருவரைக் களங்கம் சுமத்தி விசாரணையின்றி அனுப்பியதை உச்ச நீதிமன்றம் 2024 ஆகஸ்டில் ரத்து செய்தது.

இன்னொன்று. வழக்குப் போட்டபிறகு துறை தன் பதிலுரையில் புதுக் காரணங்களை அடுக்கும். மொகிந்தர் சிங் கில் வழக்கை உங்கள் வழக்கறிஞர் அப்போது எடுப்பார். ஆணையில் சொல்லாத காரணத்தைப் பின்னால் பிரமாணப் பத்திரத்தில் சேர்த்து ஆணைக்கு உயிர் கொடுக்க முடியாது என்பது அது வகுத்த விதி.

‘ராஜினாமா எழுதிக் கொடுத்தால் புகாரை விட்டுவிடுகிறோம்’ என்று யாராவது சொன்னால் எழுதாதீர்கள். எழுதிவிட்டால் பரிசீலிக்க நீக்க ஆணையே இருக்காது. வென்றாலும் என்ன கிடைக்கும் என்பதையும் தெரிந்துகொள்ளுங்கள். ஒப்பந்தத்தில் மிச்சமிருந்த ஐந்து மாதத்துக்கான ஊதியமும் களங்கம் நீங்கிய ஆணையும் உறுதியாகக் கேட்கலாம். மறுபடி வேலை என்பது அந்தத் திட்டமே இன்னும் ஓடுகிறதா என்பதைப் பொறுத்தது.

சேரும்போது ‘பணிநிரந்தரம் கோர மாட்டேன்’ என்று முத்திரைத்தாளில் எழுதி வாங்கினார்கள். அது என் வழக்கைக் கெடுக்குமா?
(வாசகி, சேலம்)

அடிப்படை உரிமையை யாரும் எழுதிக் கொடுத்து விட்டுவிட முடியாது, ஆகவே அந்தத் தாள் கதவைப் பூட்டாது. பேரம் பேசும் பலமில்லாதவரிடம் வாங்கிய நியாயமற்ற நிபந்தனை செல்லாது என்று பிரஜோநாத் கங்குலி வழக்கு 1986-லேயே சொல்கிறது. ஆனால் ‘நிரந்தரமாக்குவார்கள் என்று நம்ப வைத்தார்கள்’ என்ற வாதத்தை அந்தத் தாள் கொன்றுவிடும். அந்த வாதத்தை எடுக்காமல் வேலையின் தன்மை, பணியிடம், பாரபட்சம் ஆகியவற்றின்மேல் மனுவைக் கட்டுங்கள். எழுதிக் கொடுத்ததை மனுவில் நீங்களே முதலில் சொல்லிவிடுங்கள். மறைத்தது பதிலுரையில் வெளிவந்தால் நீதிபதியின் முகம் மாறிவிடும்.

மின்சாரம் சார்ந்த ஒரு பொதுத்துறை நிறுவனத்தில் வெளிமுகமை மூலம் 6 ஆண்டாக வேலை. ஏஜென்சி மூன்று தடவை மாறிவிட்டது, நாங்கள் அதே ஆட்கள், அதே இடம். நிறுவனத்தின்மேல் ரிட் போட்டு நிரந்தரம் கேட்கலாமா?
(தொழிலாளர், தூத்துக்குடி)

ரிட் உங்களுக்குச் சரியான வழியல்ல. நிறுவனம் ‘இவர் எங்கள் ஆளே இல்லை’ என்று ஒரு வரி சொன்னதும் அது சாட்சி விசாரித்து முடிவு செய்ய வேண்டிய தகராறாகிவிடும். ரிட்டில் சாட்சிக் கூண்டு கிடையாது. ஸ்டீல் அத்தாரிட்டி வழக்கில் 2001-ல் ஐவர் அமர்வு சொன்னதும் இதுதான்: ஒப்பந்தத் தொழிலாளர் முறை தடை செய்யப்பட்டாலும் தானாக நிரந்தரம் வந்துவிடாது. இடையில் இருக்கும் ஒப்பந்தம் வெறும் கண்துடைப்பு என்று நிரூபித்தால் நீங்கள் நிறுவனத்தின் நேரடித் தொழிலாளி. அதை நிரூபிக்க வேண்டிய இடம் தொழில் தீர்ப்பாயம்.

ஆளைத் தேர்ந்தெடுத்தது யார், சம்பளம் யார் கையிலிருந்து வந்தது, விடுப்பு யார் கொடுத்தார்கள், வேலையைக் கண்காணித்து ஏவியது யார், தவறு செய்தால் அனுப்பும் அதிகாரம் யாரிடம்? தீர்ப்பாயம் இவற்றைப் பார்க்கும். ஏஜென்சி மூன்று மாறியும் ஆட்கள் மாறாதது உங்களுக்கு நல்ல புள்ளி. அதைக் காட்ட பி.எஃப். கணக்கின் பாஸ்புக்கைப் பதிவிறக்குங்கள். முதலாளி பெயர் மாறிய தேதியும் பங்களிப்பு விடாமல் வந்ததும் ஒரே பார்வையில் தெரியும். இளநிலைப் பொறியாளர் கையெழுத்திட்ட ஷிப்ட் பட்டியல், நுழைவு அட்டை, வேலை அனுமதிச் சீட்டு, மேலதிகாரி வாட்ஸ்அப்பில் போட்ட வேலை உத்தரவு எல்லாம் சேகரியுங்கள். இவற்றை வேலையில் இருக்கும்போதே சேகரிக்க வேண்டும். கேட்டுக்கு வெளியே போனபிறகு ஒரு தாள்கூடக் கிடைக்காது.

நடைமுறை இது: முதலில் தொழிலாளர் துறையின் சமரச அலுவலரிடம் மனு. 2025 நவம்பர் 21 முதல் தொழில் உறவுகள் சட்டத் தொகுப்பு நடைமுறையில் இருக்கிறது. தகராறு எழுந்து 2 ஆண்டு கடந்தால் சமரச நடவடிக்கை எடுக்க முடியாது என்பதை நினைவில் வையுங்கள். பழைய சட்டத்தில் பணிநீக்கத் தகராறுக்கு 3 ஆண்டு இருந்தது. சமரசம் முறிந்தால் அந்த அறிக்கை கிடைத்த 90 நாளுக்குள் தீர்ப்பாயத்துக்குப் போகலாம்.

தமிழ்நாட்டுக்கென்றே 1981-ம் ஆண்டு நிரந்தரத் தகுதி வழங்கும் சட்டமும் உண்டு. தொழில் நிறுவனத்தில் 24 மாதங்களில் 480 நாள் தொடர்ந்து வேலை பார்த்தவர் நிரந்தரமாக்கப்பட வேண்டும் என்கிறது அது. தகராறு நாள் கணக்கில் மட்டும் என்றால் தொழிலாளர் ஆய்வாளரிடம் போகலாம். யார் முதலாளி என்பதிலேயே சண்டை என்றால் தீர்ப்பாயத்தை நாடுங்கள். ஆய்வாளரிடம் வாங்கிய ஆணை அந்தச் சண்டையின்மேல் உயர் நீதிமன்றத்தில் நிற்பது கடினம்.

அரசுக் கலைக் கல்லூரியில் கௌரவ விரிவுரையாளர். நிரந்தரம் வேண்டாம், சம வேலைக்குச் சம ஊதியமாவது கேட்க முடியுமா?
(வாசகர், திருவாரூர் மாவட்டம்)

முடியும். நிரந்தரம் கேட்பதைவிட இது எளிதான வழக்கு என்பது எங்கள் கருத்து. பஞ்சாப் அரசு எதிர் ஜக்ஜித் சிங் வழக்கில் 2016 அக்டோபரில், அதே வேலையைப் பார்க்கும் தற்காலிகப் பணியாளருக்கு நிரந்தரப் பணியாளரின் ஊதிய விகிதத்தில் குறைந்தபட்ச நிலை ஊதியம் உண்டு என்று முடிவானது. ஆண்டு ஊதிய உயர்வு, பதவி உயர்வு இதில் வராது. குஜராத்தில் ஒப்பந்த உதவிப் பேராசிரியர்களுக்கு 2025 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் இதையே வழங்கியது.

நிரூபிக்கும் பொறுப்பு உங்களுடையது. ‘நானும் பாடம் நடத்துகிறேன்’ என்பது போதாது. நிரந்தர ஆசிரியரின் கால அட்டவணையையும் உங்களுடையதையும் பக்கத்தில் பக்கத்தில் வையுங்கள். வாரத்துக்கு எத்தனை மணி, தேர்வுத்தாள் திருத்தம், அகமதிப்பீடு, சேர்க்கைப் பணி, தரமதிப்பீட்டுக் குழு வேலை என்று ஒவ்வொன்றுக்கும் முதல்வர் போட்ட சுற்றறிக்கையைச் சேருங்கள். யுஜிசி (பல்கலைக்கழக மானியக் குழு) வகுத்த தகுதி இருக்கிறதா என்பதுதான் துறை கேட்கும் முதல் கேள்வி. நெட், செட் அல்லது உரிய முனைவர் பட்டம் இல்லாவிட்டால் ஒப்பீடு அங்கேயே முறியும்.

நிலுவைத் தொகையைச் சேர்ந்த நாளிலிருந்து கேட்டாலும் கிடைப்பது பெரும்பாலும் மனுவுக்கு முந்தைய 3 ஆண்டுக்கே. 2008-ன் தர்செம் சிங் தீர்ப்பு அப்படி வரையறுக்கிறது. ஒவ்வொரு மாதம் தள்ளிப்போடும்போதும் ஒரு மாத நிலுவை கழிகிறது.

2024-ல் ரிட் போட்டோம். ‘மனுதாரரின் கோரிக்கையைச் சட்டப்படி 12 வாரத்தில் பரிசீலிக்க வேண்டும்’ என்று உத்தரவு. ஜெயித்துவிட்டோம் என்று நினைத்தோம். துறை ‘விதிகளில் இடமில்லை’ என்று நிராகரித்துவிட்டது. அவமதிப்பு வழக்குப் போடலாமா?
(பணியாளர்கள், மதுரை)

போட்டால் தோற்பீர்கள். பரிசீலிக்கச் சொன்னார்கள், பரிசீலித்துவிட்டார்கள். முடிவு தவறு என்பது அவமதிப்பாகாது. இப்படிப்பட்ட உத்தரவு எதையும் தீர்மானிக்கவில்லை, துறை வாய்திறக்க ஒரு கெடு வைத்தது, அவ்வளவுதான். வழக்கறிஞர்களில் சிலர் இதை வெற்றி என்று சொல்லி முடித்துவிடுவதால்தான் பலர் இரண்டு, மூன்று ஆண்டுகளை இழக்கிறார்கள்.

இனி அந்த நிராகரிப்பு ஆணையை எதிர்த்துப் புது ரிட் போட வேண்டும். சென்னை உயர் நீதிமன்ற நடைமுறையில் இதற்கு ‘செர்ஷியோரரிஃபைடு மேண்டமஸ்’ என்று பெயர்; ஆணையை வரவழைத்து ரத்து செய்து, இன்னது செய் என்று கட்டளையிடும் ஒரே மனு. ‘விதிகளில் இடமில்லை’ என்ற ஆணை எந்த விதி என்று சொல்கிறதா, உங்கள் மனுவில் காட்டிய முன்னுதாரணங்களுக்குப் பதில் சொல்கிறதா என்று பாருங்கள். சொல்லாவிட்டால் அது காரணம் கூறாத ஆணை. அந்த ஒரே குறையில் ரத்தாகும். ஆனால் காரணம் சொல்லி மறுபடி முடிவெடுக்கட்டும் என்று திருப்பியனுப்பும் அபாயமும் உண்டு. அதைத் தவிர்க்க, உங்களைப் போன்றே நியமிக்கப்பட்டு வரன்முறை பெற்ற ஒருவரின் ஆணையை இணையுங்கள். அவருக்குச் செய்ததை உங்களுக்கு மறுக்கும் காரணம் இல்லையென்றால், நீதிமன்றம் நேரடியாகக் கட்டளையிடத் தயங்காது. அவர் நியமனமே தவறு என்று துறை சொன்னால் மட்டும் கவனம்: ஒரு தவறைக் காட்டி இன்னொரு தவறைக் கேட்க முடியாது.

மதுரைக் கிளையின் எல்லையில் இருப்பதால் அங்கேயே தாக்கல் செய்யுங்கள். ஆணைகளைத் தேதிவரிசையில் அடுக்கி டைப்டு செட் (தட்டச்சு செய்த ஆவணத் தொகுப்பு) கட்டி, தமிழ் ஆணைகளுக்கு ஆங்கில மொழிபெயர்ப்பும் வையுங்கள். இல்லாவிட்டால் பதிவகம் திருப்பிவிடும். தனி நீதிபதி தள்ளுபடி செய்தால் ரிட் மேல்முறையீட்டுக்கு 30 நாள்.

கெடு முடிந்தும் எந்தப் பதிலும் வராதவர்களுக்கு மட்டும் அவமதிப்பு வழக்கு பொருந்தும். 12 வாரம் என்பது பெரும்பாலும் ஆணை நகல் துறைக்குக் கிடைத்த நாளிலிருந்து ஓடும். எனவே சான்றிட்ட நகலை ஒப்புகையோடு அனுப்பி, அந்த ஒப்புகையைப் பத்திரப்படுத்துங்கள். கெடு முடிந்து ஓராண்டுக்குள் அவமதிப்பு மனு போட வேண்டும்.

ஏழு வருடம் முன்பு நீக்கினார்கள். விடாமல் மனு அனுப்பிக்கொண்டிருக்கிறேன், போன மாதம் ஒரு பதிலும் வந்தது. அந்தப் பதில் தேதியிலிருந்து காலக்கெடு கணக்கிடலாமா?
(வாசகர், கடலூர்)

முடியாது. தமிழ்நாட்டுப் புவியியல் சுரங்கத் துறையிலிருந்து 1982-ல் நீக்கப்பட்டவர் 2000-ல் மனு அனுப்பித் தொடங்கிய வழக்கில் (சி. ஜேக்கப், 2008) உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாக்கிவிட்டது: செத்துப்போன கோரிக்கைக்குத் துறை பதில் எழுதியதால் அது உயிர்பெறாது. ரிட்டுக்குச் சட்டம் போட்ட கெடு இல்லை என்பது உண்மை, தாமதத்துக்கு நம்பும்படியான விளக்கம் வேண்டும் என்பதும் உண்மை. மனு அனுப்பிக்கொண்டிருந்தேன் என்பதை விளக்கமாக ஏற்கமாட்டார்கள். கொடுக்காத சம்பளம், கட்டாத பி.எஃப். போன்ற பணப் பாக்கி ஏதேனும் இருந்தால் அதைத் தனியாக எடுத்துப் பாருங்கள்.

மத்திய அரசு அலுவலகத்தில் ஒப்பந்தப் பணி. சென்னை உயர் நீதிமன்றமா, மத்திய நிர்வாகத் தீர்ப்பாயமா?
(வாசகி, ஆவடி)

மத்திய அரசுத் துறை என்றால் முதலில் தீர்ப்பாயம்தான். அங்கே தோற்றபிறகே உயர் நீதிமன்றத்தின் இரு நீதிபதிகள் அமர்வு, சந்திர குமார் வழக்கு 1997-ல் வகுத்த முறை இது. ஆணை வந்து 1 ஆண்டுக்குள் மனு போட வேண்டும். மேல்முறையீடோ முறையீடோ கொடுத்து 6 மாதம் பதில் வராவிட்டால், அந்த 6 மாதம் முடிந்ததிலிருந்து 1 ஆண்டு. கட்டணம் 50 ரூபாய். மத்தியப் பொதுத்துறை நிறுவனம் அல்லது தன்னாட்சி அமைப்பு என்றால், அது தீர்ப்பாயத்தின் வரம்புக்குள் கொண்டுவரப்பட்டதாக அறிவிக்கை இருக்கிறதா என்று முதலில் பாருங்கள். இல்லையென்றால் உயர் நீதிமன்றம். மாநில அரசுப் பணியாளர்களுக்குத் தமிழ்நாட்டில் இப்போது தனித் தீர்ப்பாயம் இல்லை.

எட்டு மாதக் கர்ப்பிணி நான். ஒப்பந்தம் அடுத்த மாதம் முடிகிறது. மகப்பேறு விடுப்பும் அதோடு முடிந்துவிடும் என்கிறார்கள்.
(ஒப்பந்த மருத்துவர், கோயம்புத்தூர்)

விடுப்பு அதோடு முடிந்துவிடாது. டாக்டர் கவிதா யாதவ் வழக்கில் 2023 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம், ஒப்பந்தக் காலம் முடிந்தாலும் சட்டப்படியான 26 வாரப் பயன் தொடரும் என்று சொல்லிவிட்டது. பேறுகாலத்துக்கு முந்தைய 12 மாதத்தில் 80 நாள் வேலை பார்த்திருந்தால் போதும். இன்றே விடுப்பு அறிவிப்பை எழுத்தில் கொடுத்து, பெற்றுக்கொண்டதற்கு அலுவலக முத்திரையும் தேதியும் வாங்குங்கள். முத்திரை போட மறுத்தால் அலுவலக மின்னஞ்சலுக்கும் தபாலுக்கும் ஒரே நாளில் அனுப்பிவையுங்கள். வழக்கு தேவைப்பட்டால் பெண் என்ற முறையில் வருமான வரம்பு இல்லாமலே உயர் நீதிமன்றச் சட்டப் பணிகள் குழுவிடம் இலவச வழக்கறிஞர் கேட்கலாம். பட்டியலினத்தவர், பழங்குடியினர், மாற்றுத்திறனாளிகள், தொழிலாளர்கள் ஆகியோருக்கும் அந்த உரிமை உண்டு.